விசில் சத்தத்தில் போன பதில்

என் பெரியப்பா மகனின் கல்யாண வரவேற்பு. மேடைக்குப் பக்கத்தில் நிறுத்தியிருந்த எல்.இ.டி. திரையில் மாப்பிள்ளை பெண்ணின் கழுத்தில் முகம் புதைத்துக்கொண்டிருந்தான். ஜவ்வாது மலை அருவி. இரண்டு பேரும் தொப்பலாக நனைந்திருந்தார்கள். கல்யாணத்துக்கு ஒரு மாதம் முன்பு எடுத்த வீடியோ. மெதுவாக ஓடவிட்டிருந்ததால் ஒவ்வொரு சொட்டும் தனித்தனியாக யோசித்து இறங்கியது. முன்வரிசையில் பெண்ணின் தாய்மாமன்கள் நான்கு பேர் கைகட்டி உட்கார்ந்து, பட்டிமன்றம் கேட்பதுபோல் பார்த்துக்கொண்டிருந்தார்கள். பெரியப்பாவுக்குக் கவலை வேறு. "தண்ணி ஐஸ் மாதிரி இருந்திருக்குமே, அந்தப் பொண்ணுக்கு சளி புடிக்கலையாமா?" என்று என்னிடம் கேட்டார்.

அப்போதுதான் பின்வரிசை நாற்காலியிலிருந்து அந்தக் குரல் வந்தது.

"இதுக்கு அந்தக் காலத்துல பால்கனி ஹவுஸ்ஃபுல் ஆயிருக்கும்டி."

திரும்பினேன். டிக்கெட் அத்தை. பத்துப் பன்னிரண்டு வருடம் கழித்துப் பார்க்கிறேன். முடி முழுக்க வெளுத்திருந்தது, குரல் அப்படியே இருந்தது.

"அதுவும் இதே எடத்துல" என்றார். "இந்த மேடை இருக்குதே, அங்கதான் ஸ்கிரீன். நாம உக்காந்திருக்கறது செகண்ட் கிளாஸ். அப்ப துண்டைத் தலைமேல போட்டுகினு வந்தானுங்க. இப்ப பாரு, பட்டு வேட்டி கட்டிகினு குடும்பத்தோட பாக்கறானுங்க."

உண்மைதான். மண்டபமாக மாறுவதற்கு முன்னால் அது ஒரு தியேட்டர். அங்கே காலைக்காட்சிக்கு 'அந்த மாதிரி' படங்கள் ஓடின. பதினேழு வருடம் அந்தக் காலைக்காட்சிக்கு டிக்கெட் கொடுத்தவர் அத்தை. சென்னையில் விஸ்காம் படித்தபோது, திரையில் ஆசை எப்படியெல்லாம் காட்டப்பட்டது என்று ஒரு முழுப் பருவம் பாடம் கேட்டிருக்கிறேன். பிரான்சு, ஜப்பான், இத்தாலி என்று எல்லாம் சொன்னார்கள். எங்கள் வீட்டுக்கு நாலு வீடு தள்ளி இருந்தவரை யாரும் சொல்லவில்லை. எனக்கே தோன்றவில்லை! பந்தி முடிந்து கை கழுவப் போவதற்குள் முடிவு செய்துவிட்டேன், இவரை எழுதியே ஆகவேண்டும்.

எங்கள் பழைய தெரு தியேட்டரின் பின்சுவரை ஒட்டியது. நாங்கள் பிறகு ஊருக்கு வெளியே வேங்கிக்காலில் வீடு கட்டிப் போய்விட்டோம். அத்தை இன்னும் அதே தெருவில், அதே ஓட்டு வீட்டில்தான் இருக்கிறார். சொந்த அத்தை இல்லை. தெருவில் எல்லாப் பிள்ளைகளுக்கும் அவர் அத்தை, எல்லாப் பெரியவர்களுக்கும் 'அந்தம்மா'.

கவுண்டர் என்பது சுவரில் ஒரு ஓட்டை. ஒரு கை மட்டும் உள்ளே போகும். வெளியே நிற்பவர் இடுப்பை வளைத்துக் குனிந்தால்தான் ஓட்டைக்கு நேரே வரமுடியும், குனிந்தாலும் உள்ளே இருப்பவரின் முகம் தெரியாது. உள்ளே இருப்பவருக்கு வெளியே இருப்பவரின் முகம் தெரியாது. பெண்களுக்கு என்று தனியாக ஒரு கவுண்டர் உண்டு, காலைக்காட்சிக்கு மட்டும் அதைப் பலகை போட்டு அடைத்துவிடுவார்கள். ஆக, ஊரில் பாதி ஆண்களின் கைகள் பதினேழு வருடம் அத்தையின் முன்னால் வந்து வந்து போயிருக்கின்றன. சுண்ணாம்பு ஒட்டிய கை, மை ஒட்டிய கை, மோதிரத்தைத் திருப்பிப் போட்டுக்கொண்ட கை, நடுங்கும் கை. ஒவ்வொன்றும் அவருக்கு அத்துப்படி.

ஆனால் ஒருவர் பெயரைக்கூட அத்தை வாயிலிருந்து யாரும் பிடுங்கியதில்லை. தெருவில் யாராவது, "அந்தம்மா, எங்க வூட்டுக்காரர் வருவாரா?" என்று கேட்டால், அதே பதில்தான்: "எனக்குக் கையைத் தெரியும். ஆளைத் தெரியாது." கேட்டவள் வீட்டுக்குப் போய் புருஷனின் கையைப் பார்ப்பாள். கையில் என்ன எழுதியிருக்கும்?

இதில் ஒரு கஷ்டம், அவர்களுக்கும் அத்தையின் கையைத் தெரியும். புறங்கையில் தோசைக்கல் சுட்ட தழும்பு, பிறைநிலா மாதிரி. மணிக்கட்டில் எப்போதும் இரண்டு கரும்பச்சைக் கண்ணாடி வளையல். ரேஷன் கடையில் அத்தை வரிசையில் நின்று கார்டை நீட்டினால் போதும், முன்னால் நிற்கிற இரண்டு மூன்று பேருக்குத் திடீரென்று அவசர வேலை ஞாபகம் வந்துவிடும். ஒருவர் அடுப்பில் பால் வைத்துவிட்டு வந்ததாகச் சொன்னார். அவர் வீட்டில் அவர் அடுப்படிக்குப் போய் யாரும் பார்த்ததில்லை. அத்தை நிதானமாக முன்னால் போய் சர்க்கரை வாங்கிக்கொண்டு வருவார். "பொம்பளைக்கு வழி விடறாங்க, மரியாதை தெரிஞ்ச ஊரு" என்பார்.

அம்மா எனக்குச் சொல்லியிருந்த சட்டம், அந்தம்மாவோடு பேசக்கூடாது. ஆனால் தீபாவளிக்கு முன்னால் ரேஷன் கடையில் தெருக்கோடி வரைக்கும் கூட்டம் நிற்கும்போது, அம்மாவே அத்தை வீட்டு வாசலில் போய் நிற்பாள். "கடைக்குப் போறீங்களா? நானும் வரேன், சேந்தே போலாம்."

ஒருமுறை எங்கள் பள்ளி ஆண்டுவிழாவுக்கு அத்தையும் வந்திருந்தார். சிறப்பு விருந்தினர் மைக்கை இறுக்கிப் பிடித்துக்கொண்டு, சினிமா இளைஞர்களைச் சீரழிக்கிறது என்று முக்கால் மணிநேரம் பேசினார். அத்தை முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு குலுங்கினார். நான் அம்மாவுக்குத் தெரியாமல் நகர்ந்து போய், "ஏன் அத்தை சிரிக்கறீங்க?" என்று கேட்டேன். அப்போது எனக்கு ஒன்பது வயது.

"ஒண்ணுமில்ல கண்ணு. நல்லா பேசறாரு. நல்ல கை."

அத்தை பெயர் சொல்லாமல் சொன்ன கதைகளில் எனக்கு மிகவும் பிடித்தது பௌர்ணமிக் கதை. பௌர்ணமி என்றால் கிரிவலத்துக்கு ஊர் கொள்ளாத கூட்டம் வரும். அன்றைக்கு மட்டும் தியேட்டரில் காலைக்காட்சிக்கு பக்திப் படம். போஸ்டரையும் மாற்றிவிடுவார்கள். ஆனால் வழக்கமாக வருகிறவர்கள் எங்கே போஸ்டரைப் பார்த்தார்கள்? துண்டு மூடிய தலையைக் குனிந்தபடி வருவார்கள், குனிந்தபடியே ஓட்டையில் கையை விடுவார்கள், குனிந்தபடியே உள்ளே போவார்கள். அப்படி ஒருவர், பௌர்ணமி என்பதையே மறந்து, பக்திப் படத்துக்குள் போய்விட்டார். உட்கார்ந்து துண்டை எடுத்தால், முன்வரிசையில் அவருடைய மாமியார், மாமியாரின் அக்கா, இரண்டு மைத்துனிகள்.

"எழுந்து ஓடவும் முடியலை" என்று அத்தை சொல்வார். "மாமியாக்காரி திரும்பிப் பாத்துட்டு, 'மாப்ள, நீங்களா! ஆபீஸுக்கு லீவு போட்டுட்டா சாமி படத்துக்கு வந்தீங்க!'ன்னு கண்ணைத் தொடச்சிக்கறா. அன்னியிலேருந்து அந்த வூட்ல அவருக்குப் பேரு பக்திமான். அந்தப் பேரைக் காப்பாத்தணுமே! பாவம், அப்புறம் மாசாமாசம் மலை சுத்த ஆரம்பிச்சுட்டாரு. இப்ப நெஜமாவே பக்திமான்."

"யார் அத்தை அவரு?"

"கையைத் தெரியும். ஆளைத் தெரியாது."

கல்யாண வரவேற்புக்கு அடுத்த வாரம், லேப்டாப்பைத் தூக்கிக்கொண்டு அத்தை வீட்டுக்குப் போனேன். நான் வீட்டிலிருந்தே வேலை செய்கிறேன், இணையத்தொடர்களுக்குத் தமிழில் சப்டைட்டில் எழுதுகிற வேலை. வசனம் மட்டுமில்லை, காது கேளாதவர்களுக்காகச் சத்தங்களையும் எழுதவேண்டும். கதவு சாத்தும் சத்தம், நாய் குரைக்கும் சத்தம். அன்றைக்கு வந்திருந்த தொடரில் நாயே இல்லை. அடைப்புக்குறிக்குள் 'மூச்சு வாங்குகிறாள்' என்று எழுதிவிட்டு, அடுத்த காட்சிக்கு 'இருவரும் மூச்சு வாங்குகிறார்கள்' என்று எழுதினேன். மூன்றாவது காட்சிக்கு வார்த்தை தீர்ந்துவிட்டது. கதாநாயகிக்கு ஆஸ்துமா என்று பார்க்கிறவர்கள் நினைத்துவிடக்கூடாதே.

அத்தை பூண்டு உரித்துக்கொண்டே எட்டிப் பார்த்தார். "இன்னாடி எழுதற?"

சொன்னேன். திட்டுவார் என்று நினைத்தேன். அவர் பூண்டைக் கீழே வைத்துவிட்டார்.

"காது கேக்காதவங்களுக்கு நீ எழுதிக் குடுக்கற. எனக்குக் காது மட்டும்தான் இருந்துச்சு. கண்ணுக்கு யாரும் எழுதிக் குடுக்கலை."

பிறகுதான் புரிந்தது. பதினேழு வருடத்தில் அத்தை ஒரு காலைக்காட்சிப் படத்தைக்கூடப் பார்த்ததில்லை. கவுண்டருக்குப் பின்சுவர்தான் தியேட்டரின் பக்கச்சுவர். டிக்கெட் கொடுத்து முடித்தபின் அந்தச் சுவரில் சாய்ந்து உட்கார்ந்து படத்தைக் கேட்பார். கேட்டது மட்டும்தான். அந்தப் படங்களில் உண்மையிலேயே கதை இருந்திருக்கிறது! அழுகை, சண்டை, சொத்துத் தகராறு எல்லாம் உண்டு. நடுவில் எங்காவது அதே நடிகர்களை வைத்துத் தனியாக எடுத்து, ஆபரேட்டர் ஒட்டிவைத்த துண்டுப்படம் ஓடும், அதற்குத்தான் எல்லாரும் 'பிட்டு' என்று பெயர் வைத்திருந்தார்கள். பிட்டு வரப்போகிறது என்று தெரிந்ததும் உள்ளே விசில் பறக்கும். அது முடிந்ததும் நாற்காலிகள் படபடவென்று மடங்கும், ஆட்கள் போய்விடுவார்கள். முக்கால்வாசி நாள் படத்தை அங்கேயே நிறுத்திவிடுவார்களாம், பார்க்க ஆள் இல்லாமல்.

"ஒரு படம் மூணு வாரம் ஓடுச்சு" என்றார் அத்தை. "ஏதோ டீ எஸ்டேட்டு. அங்க ஒரு பொண்ணு. புருஷன் வயசானவன், கணக்கப்புள்ள, பேசவே மாட்டான். ரேடியோ ரிப்பேர் பண்ண ஒருத்தன் வருவான். அவன்கிட்ட அவ ஒரு கேள்வி கேப்பா. 'எனக்கு வேணும்னு நானே வாயைத் தொறந்து கேட்டா, அது தப்பா?' அவ்ளோதான். உடனே விசில். அவன் இன்னா பதில் சொன்னான்னே தெரியலை. மூணு வாரம், தெனம் ஒரு ஆட்டம். காதைச் செவுத்துல ஒட்டி வெச்சிகினு உக்காந்திருப்பேன். தெனம் விசில்ல போயிடும். ஆளுங்க போனதும் வசூல் கணக்கு ஒப்படைக்க நான் ஆபீஸ் ரூமுக்குப் போயிடுவேன், முடிவும் காதுல விழாது."

"வெளியே வந்தவங்களைக் கேட்டிருக்கலாமே?"

"கேட்டேனே! குரலை மாத்திகினு ஓட்டை வழியா கேட்டேன், 'அண்ணே, அந்தப் பொண்ணு இன்னா ஆனா?'ன்னு. 'எந்தப் பொண்ணு?'ன்றான். ரெண்டு மணி நேரம் அவளைத்தான் பாத்துட்டு வரான்!"

சிரித்துச் சிரித்து எனக்கு விக்கல் வந்துவிட்டது. அத்தை சிரிக்கவில்லை.

"எங்க வூட்டுக்காரர் நல்ல மனுஷன். ஒரு நாள் கை ஓங்கனதில்ல. செவுத்தைப் பாத்து படுப்பாரு. முப்பது வருஷம் அந்த முதுகைத்தான் பாத்தேன். நான் ஒண்ணும் கேட்டதில்ல. அவ கேட்டா. கேட்டா இன்னா கெடைக்கும்னு தெரிஞ்சிக்கணும்னு இருந்துச்சு. இன்னும் இருக்குது. எழவு, போறதுக்குள்ள தெரிஞ்சா போதும்."

நான் விடுவேனா? அன்றைக்கே தேட ஆரம்பித்தேன். படத்தின் பெயர் அத்தைக்கு முழுதாக ஞாபகமில்லை. பெயரில் ஒரு 'இரவு' இருந்தது, அவ்வளவுதான். அந்த வருடங்களில் வந்த எல்லாப் படத்தின் பெயரிலும் ஒரு இரவு இருந்திருக்கிறது, ஆட்டம் மட்டும் காலை பத்தரைக்கு. போதாததற்கு, வேற்றுமொழிப் படங்களுக்கு ஒவ்வொரு ஊரிலும் அவரவர் இஷ்டத்துக்குப் பெயர் வைத்து போஸ்டர் அடித்திருக்கிறார்கள். நான்கு நாள் தேடினேன். எஸ்டேட், ரேடியோ, கணக்குப்பிள்ளை என்று எல்லா வார்த்தையையும் போட்டுப் பார்த்தேன். என் லேப்டாப் எனக்குக் காட்டுகிற விளம்பரங்களே மாறிவிட்டன. அம்மா பக்கத்தில் வந்தால் மூடவேண்டிய நிலைமை.

ஐந்தாம் நாள் ஒரு துண்டு கிடைத்தது. ஆறு நிமிடம். பின்னால் ஜன்னலில் தேயிலைச் சரிவு தெரிந்தது. அத்தையிடம் ஓடினேன். ஒலியைக் கேட்டதும், "இவதான்! இவ குரல்தான்!" என்று துள்ளிவிட்டார். முதல்முறையாக அந்தப் பெண்ணின் முகத்தைப் பார்க்கிறார். "மூக்குத்தி போட்டிருக்காளே. நான் நெனைக்கவே இல்ல."

ஆனால் யாரோ புண்ணியவான் பிட்டை மட்டும் வெட்டி எடுத்துப் போட்டிருந்தான். கேள்வியும் இல்லை, பதிலும் இல்லை. நேராகக் கட்டிலில் ஆரம்பித்தது. அத்தை கண்ணாடியைச் சரிசெய்துகொண்டு ஆறு நிமிடமும் பார்த்தார். அவர் கேட்ட கேள்விகளைத்தான் எழுதவேண்டும்.

"இது யாரு வூடு? ... கதவு தாப்பா போட்டாங்களா? ... இவன் எதுக்குடி அவசரப்படறான், பஸ்ஸுக்கா போறான்? ... அவ மூஞ்சை ஏன் காட்டமாட்டேங்கறான்?"

முடிந்ததும் என்னைப் பார்த்தார். "அப்புறம்?"

"அவ்வளவுதான் அத்தை. இப்ப இதைத்தான் போடறாங்க. கதையை எடுத்துட்டாங்க."

"அப்ப கதை நடுவுல பிட்டை வெச்சானுங்க. இப்ப பிட்டை வெச்சிகினு கதையைத் தூக்கிப் போட்டானுங்களா? நல்லா முன்னேறிட்டாங்கடி." லேப்டாப்பைத் தானே மூடினார். கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டே, "ஒருத்தருக்குத் தெரியும்" என்றார். "அந்தப் படத்தை ஒன்பது வாட்டி பாத்தவர். கடைசி வரைக்கும் உக்காந்து பாக்கற ஒரே ஆளு, அவரு வந்த நாள் மட்டும் படம் முழுசா ஓடும். கூட்டத்தோட வெளிய வந்தா யாராவது பாத்துடுவாங்கன்னு பயம் அவருக்கு. எல்லாரும் போனப்புறம்தான் எழுந்து வருவாரு."

"யாரு?"

அத்தை பூண்டுத்தோலை முறத்தில் தள்ளித் தள்ளி ஒதுக்கினார். பதினேழு வருடம் டிக்கெட் கொடுத்தபோதும், அதற்குப் பின்னாலும் காப்பாற்றிய வாய். அதைத் திறந்தால் அந்த மனுஷனின் மானம் போகும், திறக்காவிட்டால் பதில் போகும். இரண்டு நாள் சரியாகச் சாப்பிடக்கூட இல்லை. மூன்றாம் நாள் எனக்கு போன் வந்தது. "பேரு சொல்லமாட்டேன். நானே கேக்கறேன். நீ பக்கத்துல நில்லு. பௌர்ணமி அன்னிக்கு சாமி படத்துல மாட்டிகினாரே, அவருதான்."

இந்தப் பௌர்ணமிக்கு, சாயங்காலம் நான்கு மணிவாக்கில், செங்கம் ரோட்டில் ஒரு மோர்ப் பந்தலுக்கு என்னை அழைத்துப் போனார். பந்தலில் நெற்றி நிறைய விபூதியோடு ஓய்வுபெற்ற சர்வேயர் ஒருவர் கிரிவலம் போகிறவர்களுக்கு மோர் ஊற்றிக்கொண்டிருந்தார். பக்கத்தில் அவருடைய மருமகள் டம்ளர் எடுத்துக் கொடுத்துக்கொண்டிருந்தாள். (அவருடைய உத்தியோகத்தையும் பந்தல் இருந்த இடத்தையும் மாற்றித்தான் எழுதியிருக்கிறேன். அத்தையின் உத்தரவு.)

அத்தை வரிசையில் நின்று கையை நீட்டினார். தழும்பு, வளையல். சர்வேயர் மோரை டம்ளருக்கு வெளியே ஊற்றினார்.

"சார்" என்றார் அத்தை, மருமகளுக்குக் கேட்காத குரலில். "அந்த எஸ்டேட் படம். அவ கேட்டாளே, அதுக்கு அவன் இன்னா பதில் சொன்னான்?"

"மோர் குடிங்கம்மா."

"குடிச்சிட்டேன். இன்னா சொன்னான்?"

"இன்னொரு டம்ளர் குடிங்க. வெயில் ஜாஸ்தி."

"சார், எனக்கு அந்தப் பதில் மட்டும்..."

"நீங்க யாருன்னே எனக்குத் தெரியலைம்மா. உப்பு கம்மியா இருக்குதா?"

மருமகள் எட்டிப் பார்த்தாள். "யாரு மாமா, தெரிஞ்சவங்களா?"

"இல்லம்மா. தாகம் போலருக்கு." மூன்றாவது டம்ளரும் வந்தது. அவருடைய விபூதி வேர்வையில் கரைந்து புருவத்துக்கு இறங்கியிருந்தது.

வயிறு நிறைய மோரோடு திரும்பி நடந்தோம். அத்தையின் முகத்தில் ஈயாடவில்லை. "அவரு பொய் சொன்னதுக்குக் கோவம் இல்லடி. பயந்துட்டாரு பாரு. என் கையைப் பாத்து ஒரு மனுஷன் அப்டி பயந்து நான் பாத்ததே இல்ல. கேட்டிருக்கக் கூடாது." ஆட்டோவில் வீடு வரும்வரை இரண்டு கையையும் முந்தானைக்குள் வைத்துக்கொண்டே வந்தார்.

எனக்குத்தான் குற்ற உணர்ச்சி தாங்கவில்லை. மறுநாள் காலை மன்னிப்பு கேட்கப் போனேன். அத்தை ஜன்னலுக்குக் கீழே உட்கார்ந்து கீரை ஆய்ந்துகொண்டிருந்தார். ஜன்னலின் மேல் கதவு சாத்தியிருந்தது, கீழ்க்கதவு மட்டும் திறந்திருந்தது. நான் வாயைத் திறப்பதற்குள் வெளியே ஸ்கூட்டர் நிற்கும் சத்தம், தயங்கித் தயங்கிச் செருப்புச் சத்தம். ஜன்னலுக்கு வெளியே யாரோ இடுப்பை வளைத்துக் குனிந்தார்கள். ஒரு கை கம்பியைப் பிடித்துக்கொண்டது.

முகம் தெரியவில்லை. குரல் மட்டும் வந்தது. "அம்மா, நேத்து மருமக பக்கத்துல இருந்துச்சு."

அத்தை கீரையை வைத்துவிட்டு நிமிர்ந்து உட்கார்ந்தார். "சொல்லுங்க சார்."

"அவன் ஒண்ணும் சொல்லலைம்மா."

"இன்னாது?"

"பதிலே சொல்லலை. தலையைக் குனிஞ்சிகினான். அப்புறம் பிட்டு. அப்புறம் சட்டையை மாட்டிகினு வெளிய போயிட்டான். ரேடியோவைக்கூட எடுத்துகினு போகலை."

"அவ?"

கம்பியைப் பிடித்திருந்த கை விலகி ஒரு திசையைக் காட்டியது. "எஸ்டேட்டுக்கு வடமேற்கு மூலைல ஒரு கெணறு. சுத்துச்செவுரு ரெண்டடி உசரம்கூட இருக்காது. அதுல விழுந்துட்டா. கடைசில அவ போட்டோவுக்கு மாலை. கணக்கப்புள்ள அழறான். ரேடியோக்காரனுக்குக் கல்யாணம். சுபம்."

அத்தை எழுந்தே விட்டார். "சுபமா? எது சுபம்? கேட்டவளைக் கெணத்துல தள்ளிட்டு சுபமா? அவளைக் காட்டித்தானே வசூல் பண்ணானுங்க! அவளுக்குத்தானே விசில் அடிச்சானுங்க! இதுக்கா நான் பதினேழு வருஷம் டிக்கெட் குடுத்தேன்?"

"எனக்கும் புடிக்கலைம்மா" என்றது வெளியே இருந்த குரல். "ஏதாவது ஒரு ஆட்டத்துலயாவது பிழைச்சிக்குவாளான்னுதான் ஒன்பது வாட்டி பாத்தேன்."

"பிட்டுக்காக இல்லையா?"

செருப்பைத் தரையில் தேய்த்துக்கொண்டே, "அதுவும்தான்" என்றார்.

அத்தை சிரித்துவிட்டார். வெளியேயும் ஒரு சிரிப்பு கேட்டது, இருமல் மாதிரி. நான் வாயைப் பொத்திக்கொண்டு தரையில் உட்கார்ந்துவிட்டேன்.

"உள்ள வாங்க சார், காப்பி போடறேன்."

"இல்லம்மா. இங்கயே வசதியா இருக்குது."

ஜன்னல் கம்பி வழியாகத்தான் டம்ளர் போனது. அவர் குடித்து முடிப்பதற்குள் எனக்கு ஒன்று தோன்றிவிட்டது. தோன்றினால் உடனே சொல்லியாகவேண்டும் எனக்கு. "அத்தை, அந்த ஒரு காட்சியை நாம எடுப்போம். என் போன்லயே எடுத்துடலாம். அவன் என்ன பதில் சொல்லணும்னு நீங்க சொல்லுங்க."

பெரிய வசனம் எதிர்பார்த்துக் குறிப்பேட்டைத் திறந்தேன். அத்தை ரொம்ப நேரம் எடுத்துக்கொள்ளவில்லை.

"'தப்பில்ல, உக்காரு'ன்னு சொல்லணும்."

"அவ்வளவுதானா?"

"உக்காருதான்டி முக்கியம். நின்னுகினே பேசற விஷயமா இது?"

ஆடி மாதம் என்பதால் முகூர்த்தம் இல்லை, மண்டபம் காலியாகத்தான் கிடக்கிறது. பெரியப்பாவின் சிபாரிசில் ஞாயிற்றுக்கிழமை காலை இரண்டு மணிநேரம் கேட்டு வாங்கியிருக்கிறேன். குறும்படம் என்று மட்டும் சொல்லியிருக்கிறேன், மீதியை எடுத்தபின் சொல்லிக்கொள்ளலாம். பெண் பாத்திரத்துக்கு என் தோழி ஒருத்தியைக் கேட்டு வைத்திருந்தேன். அத்தை ஒத்துக்கொள்ளவில்லை. "வயசு எதுக்கு? எனக்குத்தான் டயலாக் மனப்பாடம். நானே கேக்கறேன்."

ஆண் பாத்திரம்தான் பெரும்பாடு. அருவியில் கழுத்தில் முகம் புதைத்தானே, என் பெரியப்பா மகன், அவனை வைத்துத்தான் முதலில் முயன்று பார்த்தேன். "தப்பில்ல, உக்காரு" என்று அவன் சொன்னது, டவுன் பஸ் கண்டக்டர் பின்சீட்டைக் காட்டியதுபோல் இருந்தது. அடுத்த தடவை சிரித்தான். அதற்கடுத்த தடவை புது மனைவியைத் திரும்பிப் பார்த்துவிட்டுச் சிவந்து போனான். அவ்வளவு தண்ணீரில் வராத வெட்கம் இரண்டு வார்த்தைக்கு வந்துவிட்டது.

நேற்று சர்வேயர் சார் போன் செய்தார். முகம் காட்டமாட்டாராம். பெயர் போடக்கூடாதாம். குரல் மட்டும் கொடுக்கட்டுமா என்று கேட்டார். போனிலேயே ஒத்திகை வைத்தோம். இந்தப் பக்கம் நான் ஸ்பீக்கரில் போட்டுப் பிடித்துக்கொள்ள, அத்தை அந்தக் கேள்வியைக் கேட்டார். அந்தப் பக்கம் தொண்டையைச் செருமும் சத்தம். "தப்பில்ல" வரைக்கும் வந்துவிட்டார். அதைத் தாண்டமுடியவில்லை. ஏழு முறை முயன்றார்.

"பரவால்ல சார், வந்த வரைக்கும் நல்லாதான் இருக்குது" என்று அத்தை தேற்றினார்.

ஞாயிற்றுக்கிழமை காலை பத்தரைக்கு மறுபடி முயல்வோம். நாற்காலி ஒன்று மட்டும் போதும் என்று மண்டபத்தில் சொல்லியிருந்தேன். அத்தை இரண்டு போடச் சொல்லிவிட்டார்.